கடைசி அத்தியாயமும் ஒரு சங்கரா மீனும்

தம்பி,

நீ கூரியரில் அனுப்பிய கட்டு திங்கட்கிழமை வந்து சேர்ந்தது. புரை எடுத்த கண்ணோடு அம்மாவால் சின்ன எழுத்தைப் படிக்க முடியாது என்று, நாவல் முழுவதையும் பெரிய எழுத்தில் பிரிண்ட் போட்டு ஸ்பைரல் பைண்டிங் செய்து அனுப்பியிருக்கிறாய். தலையணை கனம் இருக்கிறது. மடியில் வைத்துப் படித்தால் கால் மரத்துப்போகிறது. ஆனாலும் அந்தப் பெரிய எழுத்தைப் பார்த்ததும் எனக்கு மனசு நிறைந்துபோயிற்று. அதை முதலில் சொல்லிவிடுகிறேன், ஏனென்றால் இனிமேல் சொல்லப்போவது எதுவும் அவ்வளவு இனிப்பாக இருக்காது.

வெள்ளிக்கிழமைக்குள் அணிந்துரை வேண்டும், அச்சுக்குப் போகிறது, தை மாதம் தஞ்சாவூரிலேயே வெளியீட்டு விழா, நான்தான் தலைமை என்று எழுதியிருக்கிறாய். எனக்கு அலுப்பாக இருக்கிறது தம்பி. கல்லூரியில் தமிழ் சொல்லிக்கொடுத்து ஓய்வு பெற்றேன். அதற்கு நடுவிலும் பிறகும் சிற்றிதழ்களில் விமர்சனம் எழுதினேன். கும்பகோணம், மன்னார்குடி, மயிலாடுதுறை என்று எந்த ஊரில் நாலு பேர் சேர்ந்து புத்தகம் பேசினாலும் பஸ் ஏறிப் போனேன். அங்கெல்லாம் போர்த்திய பொன்னாடைகளை வெட்டித் தைத்து மிக்ஸிக்கும் கிரைண்டருக்கும் உறை போட்டாயிற்று. இனி ஒரு மேடையில் ஏறி, மைக் சரியாகும்வரை சிரித்துக்கொண்டு நிற்கத் தெம்பில்லை. ஆனால் எழுதியது நீ. அதனால் மூன்று நாளாக வேறு வேலை பார்க்காமல் படித்தேன்.

புதன்கிழமை போன் செய்தாயே, ஞாபகம் இருக்கிறதா?

“படிச்சியாம்மா?”

“படிச்சேன்.”

“கடைசி அத்தியாயம்?”

“அதுவும்தான்.”

“அழுதியா?”

“கண்ணுக்கு மருந்து ஊத்தியிருந்தேன்டா. அதுதான் வழிஞ்சுது.”

நீ சிரித்தாய். நான் விளையாடுகிறேன் என்று நினைத்துக்கொண்டாய். விளையாடவில்லை.

முதலில் நல்லதைச் சொல்கிறேன். உன் மரகதம் அசல் பெண். கணவன் போன பிறகு குறுவை நெல்லை அறுத்துக் கொண்டுபோய்க் கொள்முதல் நிலையத்து வாசலில் கொட்டிவிட்டு, முறை வருவதற்காக மழையில் தார்ப்பாயைப் பிடித்துக்கொண்டு காத்துக் கிடக்கிறாளே, அதை வலங்கைமான் பக்கம் பிறந்த எவளும் பொய் என்று சொல்ல மாட்டாள். ஈரப்பதம் பார்க்க வருகிறவன் குவியலுக்குள் கையை விடுகிறான். அவன் நகர்ந்த பிறகு, அவன் கை போன அதே இடத்தில் இவளும் கையை விடுகிறாள். நனைந்த நெல் உள்ளே சூடாக இருக்கிறது. கையை எடுக்க மனசில்லாமல் நிற்கிறாள். அவ்வளவுதான் எழுதியிருக்கிறாய். ஒரு முத்தம் கிடையாது, ஒரு பெருமூச்சு கிடையாது. படித்துவிட்டுப் புத்தகத்தை மூடி வைத்தேன், எழுந்து போய்த் தண்ணீர் குடித்தேன். ஆண்பிள்ளையாய்ப் பிறந்து, பெங்களூரில் கம்ப்யூட்டர் முன்னால் உட்கார்ந்து, வயலில் ஒரு நாள்கூடக் கால் வைக்காத நீ இதை எப்படிக் கண்டுபிடித்தாய்? இதைத்தான் கற்பனை என்கிறோம். தெரியாத ஒரு உடம்புக்குள் போய், அங்கே எது சூடாக இருக்கிறது என்று தொட்டுப் பார்த்துவிட்டு வருவது. அந்த இடத்தில் உன்னைப் பெற்றதற்காகக் கர்வப்பட்டேன்.

அப்புறம்தான் கடைசி அத்தியாயம் வருகிறது. மரகதம் தரங்கம்பாடிக்குப் பஸ் ஏறுகிறாள். கடலோரக் கோயிலில் போய் நிற்கிறாள். அர்ச்சகர் கற்பூரம் காட்டுகிறார். அந்தச் சுடரில் அவளுடைய ஆசையெல்லாம் எரிந்து, மனசு வெள்ளையாகி, அலைச் சத்தத்தில் கரைந்துபோகிறாள். நாவல் முடிந்தது. எனக்கு எரிச்சல்தான் வந்தது. அத்தனை பக்கம் அவளோடு மழையில் நனைந்தவன், கடைசியில் அவளைத் துடைத்து, விபூதி பூசி, படமாக்கிச் சுவரில் மாட்டிவிட்டாய். அவளுக்கு அடுத்து என்ன வேண்டும் என்று உனக்குத் தெரியவில்லை. தெரியாத இடம் வந்ததும் கோயிலுக்குள் நுழைந்துவிட்டாய்.

உன் தரப்பு நியாயத்தையும் நீயே எழுதி அனுப்பியிருக்கிறாய்: “இது நீ சொன்னதுதாம்மா. ஆசை கனிந்தால் பக்தி என்று உன் பழைய கட்டுரையில் இருக்கிறதே.” இருக்கிறது, இல்லையென்று சொல்லவில்லை. அந்தக் கட்டுரையை எந்த நிலைமையில் முடித்தேன் என்று உனக்குத் தெரியாது. உனக்கு அரையாண்டுப் பரீட்சை. அப்பா ஹாலில் இருந்து இரண்டாவது தடவையாகக் காபி கேட்டுவிட்டார். இதழ்க்காரர் பையனை அனுப்பி வாசலில் நிற்க வைத்திருக்கிறார். எப்படியாவது ஒரு வரி எழுதி முடித்தாக வேண்டும். கேட்க நன்றாக இருந்தது, எழுதிக் கொடுத்துவிட்டேன். நம் விமர்சனங்களில் பாதி உண்மைகள் இப்படிப் பிறந்தவைதான். அதை ஒரு பையன் வேதவாக்காக எடுத்துக்கொண்டு நாவல் எழுதுவான், அதுவும் என் வயிற்றில் பிறந்தவனே எழுதுவான் என்று யார் கண்டது?

இப்போது யோசித்துப் பார்த்தால் பழைய பக்திப் பாட்டுகளிலேயே அப்படி இல்லை. அதில் வருகிற பெண்கள் சாமியிடம் சண்டை போடுகிறார்கள். வளையல் கழன்று விழுந்ததற்குப் பதில் சொல் என்கிறார்கள். தூக்கத்தைத் திருப்பிக் கொடு என்கிறார்கள். சாமி கிடைத்தால் ஆசை தீர்ந்துவிடும் என்று அவர்கள் யாரும் சொல்லவில்லை, இன்னும் கூடிவிட்டது என்றுதான் புலம்புகிறார்கள். நாம் நவீனமானவர்கள்தான் பக்தியைத் துடைப்பமாக்கினோம். கதையில் ஒரு பெண்ணுக்கு ஆசை வந்துவிட்டால், அதை வீட்டுக்குள்ளும் வைத்துக்கொள்ளத் தெரியாது, வெளியே விடவும் பயம். கோயில் வாசல் பக்கமாகப் பெருக்கித் தள்ளிவிடுகிறோம். ஆண் எழுத்தாளர் அதை எழுதுகிறார், விமர்சகி நான் அதற்கு ஆன்மிக உச்சம் என்று பெயர் வைக்கிறேன், ஆளுக்கொரு பொன்னாடையோடு வீடு திரும்புகிறோம். இத்தனை வருஷம் இதைத்தான் செய்தோம்.

சரி, இது மரகதத்தைப் பற்றிய வழக்கு மட்டும் என்றால் ஒரு பக்கம் திட்டி, ஒரு பக்கம் பாராட்டி, அணிந்துரையை அனுப்பியிருப்பேன். முதல் பக்கத்தில் சமர்ப்பணம் போட்டிருக்கிறாயே, அங்கேதான் சிக்கிக்கொண்டேன். “மாதம் தவறாமல் தரங்கம்பாடிக் கோயிலுக்குப் போய்க் கடவுளில் கரைந்துவரும் என் அம்மாவுக்கு.”

நீ ஒருமுறை போன் செய்தபோது பஸ்ஸில் இருந்தேன். எங்கே என்று கேட்டாய். தரங்கம்பாடி என்றேன். “கோயிலுக்கா?” என்றாய். நான் “ம்” என்றேன். கண்டக்டர் சில்லறைக்காகக் கத்திக்கொண்டிருந்தார், பக்கத்தில் ஒரு அம்மாள் கோழிக்கூடையை என் காலில் வைத்திருந்தாள், விளக்கம் சொல்கிற இடமாக அது இல்லை. அந்த ஒரு “ம்”மிலிருந்து நீ ஒரு நாவல் எழுதிவிட்டாய். அடுத்த முறை என் மருமகள் விபூதி கேட்டாள். மயிலாடுதுறை பஸ் ஸ்டாண்டில் ஒரு பொட்டலம் வாங்கிக் கொடுத்தேன். அவள் அதைத் தினமும் பூசிக்கொள்கிறாள் என்று கேட்டபோது கொஞ்சம் சங்கடமாகத்தான் இருந்தது. எல்லா விபூதியும் விபூதிதானே என்று விட்டுவிட்டேன்.

நான் அங்கே கோயிலுக்குப் போகவில்லை தம்பி. மீன் சாப்பிடப் போகிறேன்.

சிரித்து முடித்துவிட்டு மேலே படி. அப்பா போன பிறகு சில வருஷம் கழித்து, தரங்கம்பாடியில் ஒரு பள்ளிக்கூட வகுப்பறையில் விமர்சனக் கூட்டம் நடத்தினார்கள். மீனவக் குப்பத்தில் நடக்கிற ஒரு நாவலைப் பற்றி நான் பேசினேன். அந்த நாவலில் மீன் வாசனை எப்படி ஆசையின் குறியீடாகிறது என்பதை விரிவாக எடுத்துச் சொன்னேன். நன்றாகவே பேசினேன், கைதட்டினார்கள். கேள்வி நேரத்தில் பின்பெஞ்சில் இருந்து ஒருவர் எழுந்தார். உள்ளூர்க்காரர், பள்ளியில் இயற்பியல் வாத்தியாராக இருந்து ஓய்வு பெற்றவர், பெயர் ஞானசிகாமணி.

“மேடம், ஒரு சந்தேகம். நீங்க மீன் சாப்பிட்டிருக்கீங்களா?”

“இல்லீங்க. நாங்க சைவம்.”

“ஒரு தடவைகூட?”

“முட்டைகூடக் கிடையாதுங்க.”

“அப்ப அந்த வாசனையப் பத்தி இவ்வளவு நேரம் எப்படிங்க பேசினீங்க?”

வகுப்பறையே சிரித்தது. எனக்கு முகம் சிவந்துபோயிற்று. பிறகு, ஏன் என்று தெரியவில்லை, எனக்கும் சிரிப்பு வந்துவிட்டது. வாயைப் பொத்திக்கொண்டு மேடையிலேயே சிரித்தேன். அப்பா போன பிறகு அப்படிச் சிரித்தது அன்றைக்குத்தான். கூட்டம் முடிந்ததும் அவர் வந்து, தப்பாகக் கேட்டுவிட்டேனா என்று மன்னிப்புக் கேட்டார். பேசியவர்களுக்கெல்லாம் அவர் வீட்டில்தான் மதியச் சாப்பாடு. எனக்கென்று தனியாக ஒரு சாம்பார் வைத்திருந்தார்கள். நான் அதைத் தொடவில்லை.

“எனக்கும் அந்தக் குழம்பையே போடுங்க சார்” என்றேன்.

எல்லாரும் நிமிர்ந்து பார்த்தார்கள். அவர் மட்டும் ஆச்சரியப்படாமல் கரண்டியை எடுத்தார். “இது சங்கரா மீன். பேரிலேயே சைவம் இருக்கு மேடம், பயப்படாம சாப்பிடுங்க” என்றார். அவர் மனைவி போய் நாளாகிறது, மகள் மஸ்கட்டில் இருக்கிறாள், சமையல் அவரேதான். நான் ஒரு துண்டை வாயில் வைத்தேன். முள் குத்திற்று. எப்படித் துப்புவது, எங்கே துப்புவது என்று தெரியாமல் விழித்துக்கொண்டு உட்கார்ந்திருந்தேன். அவர் என் இலைக்கு எதிரில் வந்து உட்கார்ந்தார். ஒரு துண்டை எடுத்து, நடு முள்ளை ஒரே இழுப்பில் உருவி, ஓரத்துச் சின்ன முட்களை விரலால் தடவித் தடவி எடுத்து, வெறும் சதையை என் இலையில் வைத்தார். பிறகு அடுத்த துண்டு.

உன் அப்பா நல்லவர். அதை யாரிடமும் எப்போதும் சொல்வேன். அவரோடு வாழ்ந்த காலம் முழுவதும் அவருக்குப் பரிமாறியிருக்கிறேன், உனக்குப் பரிமாறியிருக்கிறேன், விசேஷம் என்றால் அவருடைய ஆபீஸ் முழுவதற்கும் பரிமாறியிருக்கிறேன். நான் சாப்பிட உட்காரும்போது எதிரில் உட்கார்ந்து, எனக்கு எது குத்தும் என்று பார்த்து எடுத்துப்போட்டவர் யாரும் இல்லை. இதில் யார் மேலும் குறை இல்லை, எனக்கே அப்படி ஒன்று வேண்டியிருந்தது என்று அதுவரை தெரியாது. அன்று அந்த இலைக்கு முன்னால் எனக்குத் தொண்டை அடைத்துக்கொண்டது. முள் சிக்கிவிட்டது என்று நினைத்து ஆளாளுக்கு வெறும் சோற்றை உருட்டிக் கொடுத்தார்கள். அவர்கள் கொடுத்ததையும் சாப்பிட்டேன்.

அதிலிருந்து மாதம் ஒருமுறை போகிறேன். காலையில் பஸ் ஏறினால் மதியச் சாப்பாட்டுக்குப் போய்விடலாம். அவர் மீன் வாங்கி வைத்திருப்பார், நான் போய் அலசுவேன். இப்போது அலசத் தெரியும். புத்தகத்தைப் பற்றிச் சண்டை போடுவோம். நான் கட்டுரையில் பெரிதாக ஏதாவது சொல்லிவிட்டால், “இதைச் சாப்பிட்டிருக்கீங்களா மேடம்?” என்பார். அதுதான் அவருடைய விமர்சன முறை. நான் இத்தனை வருஷம் படித்த எந்த முறையைவிடவும் அது கறாரானது. ஆசையா இது என்று நீ கேட்பாய். ஆமாம், ஆசைதான். அவரைப் பார்க்க வேண்டும் என்று இருக்கிறது. பஸ் ஆக்கூர் தாண்டினால் நெஞ்சு கொஞ்சம் வேகமாக அடிக்கிறது. அறுபத்தெட்டு வயதில் இதைச் சொல்ல வெட்கமாகவும் இருக்கிறது, நன்றாகவும் இருக்கிறது.

ஒருமுறை மட்டும் அந்தக் கடலோரக் கோயிலுக்குப் போனேன், அதையும் சொல்லிவிடுகிறேன். அவர் சர்ச்சுக்குப் போகிறவர், உள்ளே வரவில்லை. வெயிலில் என் செருப்பைக் கையில் வைத்துக்கொண்டு வெளியே நின்றார். நாய் தூக்கிக்கொண்டு போய்விடுமாம். நான் வெளியே வந்ததும், “என்ன வேண்டிக்கிட்டீங்க?” என்றார். “பசிக்குதுன்னு சொன்னேன்” என்றேன். அன்று சாப்பிட்டுவிட்டு அவர் வீட்டுக் கூடத்து நாற்காலியிலேயே தூங்கிப்போனேன். எழுந்து பார்த்தால் மின்விசிறி என் பக்கம் திருப்பி வைத்திருக்கிறது. அவர் வியர்த்துக்கொண்டு, சத்தம் வராமல் பக்கம் புரட்டிப் படித்துக்கொண்டிருக்கிறார். நான் எழுந்ததைக் காட்டிக்கொள்ளாமல் கண்ணை மூடிக்கொண்டேன். அப்போது எனக்கு யாரிடமும் எதுவும் கேட்க வேண்டியிருக்கவில்லை. கடவுள் என்று ஒருவர் இருந்து, எனக்கு எப்போதாவது பக்கத்தில் வந்திருந்தால், அந்த மத்தியானம்தான் வந்திருப்பார். வாயில் மீன் வாசனை இன்னும் இருந்தது. ஆசை எரிந்து முடிந்த இடத்தில்தான் கடவுள் வருவார் என்று எழுதுகிறவர்களுக்கு அது தெரியாது.

இப்போது உன் சமர்ப்பணத்துக்கு வா. அந்த வரி அச்சாகி, தஞ்சாவூர் மேடையில் என்னை உட்காரவைத்து, நீ அதை வாசித்தால் என்ன ஆகும் என்று யோசித்தாயா? தரங்கம்பாடிக் கூட்டத்துக்காரர்கள் அத்தனை பேரும் முன்வரிசையில் இருப்பார்கள். அவர்கள் நாவலையும் படிப்பார்கள். அதற்குப் பிறகு நான் அந்த ஊர் பஸ் ஸ்டாப்பில் இறங்கினால் கையெடுத்துக் கும்பிடுவார்கள். கோயிலுக்கு வழி விடுவார்கள். கும்பிடுகிறவர்களைத் தாண்டிக்கொண்டு நான் எப்படி அவர் வீட்டுக் கதவைத் தட்டுவது? அவர் பாதி படித்த புத்தகத்தோடு உட்கார்ந்திருப்பார், குழம்பு ஆறிப்போகும். நான் மயிலாடுதுறைக்கே திரும்பிப் பஸ் ஏறுவேன். மரகதத்தைச் சுவரில் மாட்டியது மாதிரி என்னையும் மாட்டிவிடுவாய், அதுவும் உயிரோடு. பெங்களூரில் எனக்காகப் பூஜை அறையை ஒட்டி ஒரு அறை தயார் செய்திருக்கிறீர்கள் என்று தெரியும். மருமகள் பாசத்தோடுதான் செய்கிறாள். அந்த அறையும் இந்தக் கடைசி அத்தியாயமும் எனக்கு ஒன்றாகவே தெரிகின்றன. இரண்டிலும் சாம்பிராணி வாசனை நன்றாக இருக்கும், எனக்குத்தான் அங்கே வேலை இருக்காது.

உன் மேல் கோபம் இல்லை. அம்மாவுக்கு ஒரு ஆசை இருக்கும் என்று கற்பனை செய்வதுதான் மகனுக்கு எல்லாவற்றையும்விடக் கஷ்டமானது. நெல் குவியல் வரைக்கும் வந்தாயே, அதுவே பெரிது. இன்னும் கொஞ்சம் நடந்திருக்கலாம். எழுதுகிறவன் பயந்தால் கதாபாத்திரத்துக்குத்தான் தண்டனை கிடைக்கிறது. இதை எந்தப் புத்தகத்திலும் நான் எழுதவில்லை, இப்போதுதான் தெரிந்தது.

அதனால் வெள்ளிக்கிழமை உனக்கு அணிந்துரை வராது. பதிப்பாளரிடம் இரண்டு வாரம் கேட்டு வாங்கு. மரகதம் பஸ்ஸை விட்டு இறங்கட்டும், எங்கே போகிறாள் என்று அவள் பின்னாலேயே போய்ப் பார். அவள் கோயிலுக்கே போனாலும் எனக்கு ஆட்சேபணை இல்லை, பசியோடு போகட்டும். நீ திருத்த மாட்டேன், இதுதான் முடிவு என்றால், இந்தக் கடிதத்தையே ஒரு எழுத்து மாற்றாமல் அணிந்துரையாகப் போட்டுக்கொள். நான் மேடைக்கு வந்து இதையே வாசிக்கிறேன். மைக் சரியாகும்வரை நிற்கிறேன்.

அதற்கு முன்னால் ஒன்று செய். ஞாயிற்றுக்கிழமை கிளம்பி வா. பெங்களூரில் ஆபீஸ் பக்கத்துக் கடையில் நீ பிரியாணி சாப்பிடுவது எனக்குத் தெரியும், அதனால் சைவம் என்று என்னிடம் ஆரம்பிக்காதே. தஞ்சாவூருக்கு வர வேண்டாம், நேராகத் தரங்கம்பாடி பஸ் ஸ்டாப்பில் இறங்கு. நான் வந்து நிற்கிறேன்.

நேற்று மத்தியானம் அவருக்குப் போன் செய்து சொன்னேன். “ஞாயித்துக்கிழமை என் பையன் வருவான்னு நினைக்கிறேன் சார்.” அந்தப் பக்கம் அடுப்பிலிருந்து எதையோ இறக்கி வைக்கிற சத்தம் கேட்டது. அப்புறம் மெதுவாக, “தம்பிக்கு முள் எடுத்துச் சாப்பிடத் தெரியுமா?” என்று கேட்டார்.

“தெரியாது. நான் எடுத்துப் போடுறேன் சார்” என்றேன்.

அம்மா